ஒரு பானைக் குழம்புக்கு மூன்று பானை

முதல் தடவை செய்தபோது உருளைக்கிழங்கு வேகவே இல்லை. ஒன்றேமுக்கால் மணி நேரம் அடுப்பில் இருந்தது. குழம்பு வற்றிக் கெட்டியாகி, அடியில் பிடித்து, கருகிய கடலை வாசனை மாடிப்படி வரைக்கும் போய்விட்டது. உருளைத் துண்டை மட்டும் கரண்டியால் அழுத்தினால் நசுங்காமல் வழுக்கிக்கொண்டு ஓடியது. அடுப்பை அணைத்துவிட்டு, தயிர் சாதம் சாப்பிட்டுவிட்டுப் படுத்தேன். படுத்த பிறகுதான் உறைத்தது. புளியை முன்னாலேயே ஊற்றினால் காய் வேகாது என்று அம்மா எத்தனை முறை சொல்லியிருப்பார்! நான் ஊற்றியது புளி இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். ஜெர்மன்காரர்களின் புளித்த முட்டைக்கோஸ்.

எங்கே ஆரம்பித்தது என்று சொல்லிவிடுகிறேன். ஹம்பர்க் நகரில் எல்பே ஆற்றுக்கு நடுவே வில்ஹெல்ம்ஸ்பர்க் என்று ஒரு தீவு. அங்கே நான்கு மாடிச் செங்கல் கட்டடம் ஒன்றில் மூன்றாம் மாடியில் இருக்கிறேன். லிஃப்ட் கிடையாது. எனக்கு நேர் கீழே, கானா நாட்டின் குமாசியிலிருந்து வந்து முப்பது வருடமாக இங்கேயே இருக்கும் ஓர் அம்மா. கட்டடத்தில் எல்லாருக்கும் அவர் ஆன்ட்டி. கானாவிலும் நம்மைப் போலத்தான், வயதில் மூத்த பெண்ணை வெறும் பெயர் சொல்லிக் கூப்பிட வாய் வராது. தரைத்தளத்தில் எழுபதைத் தாண்டிய ஒரு ஜெர்மன் பாட்டி, வடக்கு ஜெர்மனியின் மெக்லென்பர்க் பக்கத்துக்காரர். அவரை எல்லாரும் 'ஃப்ராவ்', அதாவது திருமதி, போட்டுக் குடும்பப் பெயரில்தான் அழைக்கிறோம். பல வருடமாகப் பழகினவர்களுக்கும் அதே மரியாதை, அதே தூரம்.

சனிக்கிழமை மதியம் கடைக்குப் போய்விட்டுப் படியேறினால், தரைத்தளத்தில் ஒரு வாசனை, இரண்டாம் மாடியில் ஒரு வாசனை. கீழே பாட்டியின் கிழங்குக் குழம்பு. மேலே ஆன்ட்டியின் கடலைக் குழம்பு. பாட்டி அதில் உப்பிட்டுப் புகைபோட்ட பன்றி இறைச்சியைப் போடுவார். ஆன்ட்டி கோழியும் புகையில் உலர்த்திய மீனும் போடுவார். நான் பிறந்ததிலிருந்து சைவம். இரண்டு வீட்டுக் குழம்பையும் என் மூக்குக்கு நன்றாகத் தெரியும், நாக்குக்குத் தெரியாது. இரண்டு வருடம் இப்படியே போனது. 2019 அக்டோபரில் கட்டடத்தின் பின்முற்றத்தில் எல்லாரும் ஆளுக்கொரு பாத்திரம் கொண்டுவந்து சாப்பிடுவது என்று முடிவானபோது, இரண்டையும் கலந்து சைவத்தில் ஒன்று செய்கிறேன் என்று வாய் விட்டுவிட்டேன். ஒரு வாரம் முன்னால் ஒத்திகை பார்த்ததில் கிடைத்ததுதான் மேலே சொன்ன ரப்பர் உருளைக்கிழங்கு.

அந்த முதல் பானையில் தப்பு ஒன்று இல்லை, நான்கு. எது எது என்று கண்டுபிடிக்க ஆன்ட்டி வீட்டு அடுக்களையில் ஒரு மாலை, பாட்டி வீட்டு அடுக்களையில் ஒரு மாலை நிற்க வேண்டியிருந்தது.

ஆன்ட்டி செய்வதற்கு அவர்கள் ட்வி மொழியில் இன்கத்தென்குவான் என்று பெயர். 'இன்கத்தே' என்றால் வேர்க்கடலை, 'இன்குவான்' என்றால் குழம்பு. இதே கடலைக் குழம்பு செனகலில் மாஃபே, காம்பியாவில் டொமோடா. ஊருக்கு ஊர் கெட்டியும் காயும் மாறும், ஆனால் உயிர் ஒன்றுதான்: கடலை விழுதைச் சரியாகக் காய்ச்சுவது. நான் முதல் முறை பாட்டிலிலிருந்து கடலை விழுதை எடுத்துக் கொதிக்கிற குழம்பில் அப்படியே போட்டுக் கலக்கினேன். ஆன்ட்டி அதைக் கேட்டுவிட்டுச் சிரிக்கவில்லை. "மே பா" என்றார். என் பிள்ளையே என்று அர்த்தம். அந்தத் தொனி எனக்குத் தெரியும், அம்மா 'அடிப்பாவி' என்று சொல்லும் தொனி.

அவர் செய்ததைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். அடி கனமான சட்டியில் கொஞ்சம் எண்ணெய். அரைத்த வெங்காயம், இஞ்சி, பூண்டு. பச்சை வாசனை போனதும் இரண்டு கரண்டி தக்காளி விழுது, அது செங்கல் நிறத்துக்கு வரும் வரை வதக்கல். அப்புறம் தீயைக் குறைத்துவிட்டுக் கடலை விழுது. அதில் அரைக் கரண்டி வெந்நீர் விட்டார். நான் இளகும் என்று நினைத்தேன், நேர்மாறாக அது களிமண் மாதிரி இறுகியது. "பயப்படாதே, இன்னும் ஊற்று" என்றார். இன்னொரு கரண்டி, இன்னும் இறுக்கம். மூன்றாவது, நான்காவது கரண்டியில் திடீரென்று மனம் மாறியதைப் போல வழுவழுவென்று இளகியது. அதற்குப் பிறகு இருபது நிமிடம் மரக்கரண்டியை அடியிலிருந்து எடுக்கவே இல்லை அவர். பேசிக்கொண்டே கிண்டினார், போனில் தங்கையிடம் சண்டை போட்டுக்கொண்டே கிண்டினார். ஓரத்தில் முதலில் ஊசிமுனை அளவுக்குச் சிவப்புப் பொட்டுகள். அவை ஒன்றோடொன்று சேர்ந்து மேலே ஒரு சிவந்த எண்ணெய்ப் படலம். "இப்போதுதான் கடலை வெந்தது" என்றார்.

எண்ணெய் பிரிந்து மேலே வர வேண்டும். இதை நான் எத்தனை ஆயிரம் முறை கேட்டிருக்கிறேன்! கடலையைக் கண்டதும் அது வேறு உலகம் என்று நினைத்து, தெரிந்ததையும் மறந்துவிட்டேன்.

விழுதிலும் கோட்டை விட்டிருந்தேன். ஜெர்மன் கடைகளில் இரண்டு வகை கிடைக்கும். ரொட்டியில் தடவும் கடலை வெண்ணெயில் சர்க்கரையும் உப்பும் வேறு கொழுப்பும் சேர்ந்திருக்கும். 'எர்ட்நுஸ்மூஸ்' என்று எழுதியிருப்பது வெறும் கடலையை வறுத்து அரைத்த விழுது. மேலே எண்ணெய் மிதக்கும், அதுதான் அடையாளம். நான் வாங்கியது முதல் வகை. புளித்த கோஸும் சர்க்கரையும் சேர்ந்தால் என்ன ஆகும் என்று யாரும் சோதித்துப் பார்க்க வேண்டாம், நான் பார்த்துவிட்டேன். இப்போதெல்லாம் ஹம்பர்க் மத்திய ரயில் நிலையத்துக்குப் பின்னால், ஸ்டைன்டாம் தெருப் பக்கம் இருக்கும் ஆப்பிரிக்கக் கடையில் வாங்குகிறேன். ஊரில் கடலையை வறுத்துத் தோல் நீக்கி மிக்ஸியில் எண்ணெய் விடும் வரை ஓட்டினால் இதே பொருள்தான். கடலையைக் கருக வறுத்துவிடக் கூடாது. வறுவல் கூடினால் கசப்பு, அதை எதுவும் சரிசெய்யாது.

சரி, பாட்டி வீட்டுக்கு வருகிறேன். அவருடைய குழம்பின் பெயர் ஐன்டோப்ஃப். ஒரே பானை என்றுதான் பொருள். கிழங்கு, காய், பருப்பு, இறைச்சி, எது இருக்கிறதோ எல்லாம் ஒரே பானையில். இந்தச் சொல்லுக்கு ஓர் அழுக்கான காலமும் உண்டு. 1933 அக்டோபரிலிருந்து நாஜி அரசு, குளிர்மாதங்களில் மாதம் ஒரு ஞாயிறு எல்லா வீட்டிலும் ஒரு பானைக் குழம்புதான், மிச்சமாகும் காசை நிவாரண நிதிக்குக் கொடு என்று வீடு வீடாக வசூலித்தது. பாட்டி போடும் கிழங்கு 'ஷ்டெக்ரூபெ'. நூல்கோலுக்கு உறவு, ஆனால் தேங்காய் அளவுக்குப் பெரியது, வெளியே ஊதாவும் பழுப்புமாய், உள்ளே வெளிர் மஞ்சள். 1916இல் உருளை விளைச்சல் பொய்த்து, போரில் கடல் வழியும் அடைபட்டு, அந்தக் குளிர்காலம் முழுக்க ஜெர்மனி இதைத் தின்றே உயிர் பிழைத்தது. ஷ்டெக்ரூபெ குளிர்காலம் என்றே அதற்குப் பெயர் வைத்துவிட்டார்கள். பாட்டியின் பாட்டி அதற்குப் பிறகு சாகும் வரை இந்தக் கிழங்கை வீட்டுக்குள் விடவில்லையாம். "எனக்குப் பிடிக்கும். நான் பசியில் தின்னவில்லை அல்லவா" என்றார்.

பாட்டியிடம் நான் கற்றது மூன்று. முதலாவது, உருளை. ஜெர்மனியில் உருளைப் பையைத் திருப்பிப் பார்த்தால் மூன்றில் ஒன்று எழுதியிருக்கும்: வெந்தாலும் உடையாதது, ஓரளவு உடையாதது, மாவாகக் கரைவது. கடலைக் குழம்பு ஏற்கெனவே கெட்டி. அதில் மாவு உருளையும் கரைந்தால் கரண்டி நட்டுக்கொண்டு நிற்கும். உடையாத வகையை வாங்குங்கள்.

இரண்டாவது, 'ஸுப்பன்க்ரூன்'. கேரட், செலரிக் கிழங்கில் ஒரு துண்டு, லீக் எனும் தடித்த வெங்காயத்தாள், பார்ஸ்லி, எல்லாம் சேர்த்துக் கட்டி ஒரே கட்டாகச் சந்தையில் விற்பார்கள். நம் ஊரில் காய் வாங்கினால் கறிவேப்பிலையும் கொத்தமல்லியும் கொசுறாகத் தருவார்களே, அந்த மாதிரி இது ஒரு குழம்பின் அஸ்திவாரம். இறைச்சி இல்லாத குழம்புக்கு உடம்பு கொடுப்பது இதுதான், குறிப்பாகச் செலரிக் கிழங்கு. லீக்கை நீளவாக்கில் பிளந்து ஓடும் தண்ணீரில் கழுவ வேண்டும். அடுக்குக்குள் மண் ஒளிந்திருக்கும்.

மூன்றாவதுதான் ஸவர்க்ரவுட், புளித்த கோஸ். பாட்டி தானே கல்ஜாடியில் போடுகிறார். ஒரு கிலோ கோஸை மெல்லியதாகச் சீவி, 20 கிராம் உப்புப் போட்டுக் கையால் பிசைந்து பிசைந்து அழுத்தினால் அதுவே தண்ணீர் விடும். வடுமாங்காய்க்குத் தண்ணீர் ஊற்றுவோமா என்ன? அப்படித்தான். அந்தத் தண்ணீருக்குள் கோஸ் முழுகி இருக்க வேண்டும், மேலே ஒரு கல். குளிர்ந்த நிலவறையில் நாலைந்து வாரம். "குழம்பில் இதை எப்போது போடுவீர்கள்?" என்று கேட்டேன். "கிழங்கு வெந்த பிறகு. வேறு எப்போது?" என்று என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

காரணம் எளிது. காயின் உயிரணுக்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் என்னும் பசை, புளிப்பில் கரையாமல் பிடிவாதமாக நிற்கும். அதனால் துண்டு இளகாது. புளி, தக்காளி, தயிர், ஸவர்க்ரவுட், எல்லாமே ஒரே கதை. நான் முதல் முறை தக்காளியையும் கோஸையும் உருளையோடு சேர்த்தே போட்டிருந்தேன்.

பாட்டி இன்னொரு விஷயத்தையும் அம்பலப்படுத்தினார். கோஸோடு 'கியூமெல்' போட வேண்டும் என்று எங்கோ படித்து, சீரகம்தான் என்று நினைத்து, இரண்டு டீஸ்பூன் போட்டிருந்தேன். கியூமெல் என்பது நம் சீமைச் சீரகம். பார்க்கச் சீரகம் போலவே இருக்கும், வாசனை வேறு. சீரகம் வேண்டுமானால் ஜெர்மனியில் 'க்ரொய்ட்ஸ்கியூமெல்' என்று கேட்க வேண்டும். இந்த ஊருக்கு வந்த புதிதில் மூன்று மாதம் என் ரசம் ஏன் ரொட்டிக் கடை மாதிரி மணக்கிறது என்று புரியாமல் தவித்ததற்கும் அன்றைக்குத்தான் விடை கிடைத்தது. இங்குள்ள 'ரை' தானிய ரொட்டியில் இந்தச் சீமைச் சீரகம்தான் போடுகிறார்கள். குழம்புக்கு முக்கால் டீஸ்பூன் போதும். கூடினால் மருந்து.

இறைச்சியை எடுத்துவிட்டால் அந்த இடத்தில் என்ன வைப்பது என்பதுதான் எனக்கு நிஜமான குழப்பமாக இருந்தது. இரண்டு பேர் குழம்பிலும் இறைச்சி செய்த வேலை ஒன்றுதான் என்று யோசிக்க யோசிக்கப் புரிந்தது: புகை. ஒருவருக்குப் புகைபோட்ட பன்றி, இன்னொருவருக்குப் புகைபோட்ட மீன். ஆக, புகைபோட்ட டோஃபு, அதாவது சோயா பனீர். ஜெர்மனியில் எந்த சூப்பர் மார்க்கெட்டிலும் கிடைக்கும், பீச் (beech) மரப்புகையில் வாட்டியது. சின்னச் சதுரங்களாக வெட்டி எண்ணெயில் மொறுமொறுப்பாக வறுத்து, பரிமாறும்போது மேலே போடுங்கள். குழம்பில் கொதிக்க விட்டால் பஞ்சாகிவிடும், புகை வாசனையும் ஓடிவிடும்.

அடிச்சுவைக்கு ஆன்ட்டி சொல்லித்தந்தது தாவாதாவா. ஆப்பிரிக்காவில் வளரும் ஒரு மரத்தின் விதையை வேகவைத்துப் புளிக்கவைத்து உருண்டை பிடித்தது. வடக்கு கானாவில் இந்தப் பெயர், நைஜீரியாவின் யோருபாக்காரர்களுக்கு 'இரு', மாலியில் சூம்பாலா. இறைச்சியே இல்லாமல் இறைச்சியின் ஆழத்தைக் கொடுக்கும். ஆனால் வாசனை! கடையிலிருந்து ரயிலில் கொண்டுவரும்போது இரண்டு பைக்குள் கட்டியிருந்தும், எதிரே உட்கார்ந்திருந்தவர் தன் ஷூவை ஒருமுறை குனிந்து பார்த்துக்கொண்டார். பெருங்காயம் பழகின மூக்குக்கு இது ஒன்றும் பெரிய விஷயமில்லை. சட்டியில் எண்ணெய் பட்டதும் ஆள் மாறிவிடும். அரை டீஸ்பூன் போதும். இது இல்லையென்றால் மேகி சூப் கட்டி போடு என்றார் ஆன்ட்டி. மேற்கு ஆப்பிரிக்காவில் அது இல்லாத அடுக்களை அபூர்வம். கோழி, இறால் சுவையில் வருபவை உண்டு, சைவர்கள் அட்டையைப் படித்துவிட்டு வாங்க வேண்டும். வேடிக்கை என்னவென்றால், பாட்டி வீட்டு அலமாரியிலும் மேகி இருந்தது, பழுப்புப் பாட்டிலில் திரவமாக. அவர் பால்கனித் தொட்டியில் வளர்க்கும் ஒரு கீரைக்கே ஜெர்மன்காரர்கள் மேகிக் கீரை என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மேகியில் அந்தக் கீரை கிடையாது. வாசனை ஒத்துப்போகிறது என்று கீரைக்குப் பெயர் வந்துவிட்டது.

காரத்துக்கு ஸ்காட்ச் போனட் மிளகாய். நறுக்காதீர்கள். முழுதாக, காம்போடு, குழம்பின் மேல் மிதக்க விட்டு, கால் மணி கழித்து உடையாமல் எடுத்துவிட வேண்டும். மிளகாயின் பழ வாசனை இறங்கும், காரம் அளவாக இறங்கும். உடைந்தால் பாட்டி சாப்பிட மாட்டார். வெளியே எடுத்த மிளகாயை நானும் ஆன்ட்டியும் ஆளுக்குப் பாதி நசுக்கிக்கொள்வோம்.

இதெல்லாம் பேசிக்கொண்டிருந்தபோது கடலை யாருடையது என்று ஒரு வழக்கு வந்தது. ஆன்ட்டி கானாவுடையது என்றார். நான் திண்டிவனம் பக்கத்துக்காரி, விடுவேனா? எங்கள் ஊரில் வயல் வயலாக மல்லாட்டைதான். ஆனால் மணிலாக் கொட்டை என்ற பேரிலேயே அது எங்கள் ஊர்ச் சரக்கு இல்லை என்பது ஒளிந்திருக்கிறது. கடலை தென்னமெரிக்கச் செடி. போர்த்துகீசியர்கள் 16ஆம் நூற்றாண்டில் மேற்கு ஆப்பிரிக்காவுக்குக் கொண்டுபோனது. யோசித்தால் உருளை, தக்காளி, மிளகாய் மூன்றும்கூட அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவைதான். ஆப்பிரிக்க-ஜெர்மன் குழம்பு என்று நான் பெருமையடித்துக்கொண்டதில் பாதிக்கு மேல் இரண்டு பேருக்கும் சொந்தமில்லை. இந்த ஹம்பர்க் வணிகர்களின் கப்பல்கள் 19ஆம் நூற்றாண்டிலேயே மேற்கு ஆப்பிரிக்கக் கரையிலிருந்து பாமாயிலை ஏற்றி வந்தன. 1884இல் கானாவுக்குப் பக்கத்து டோகோவை ஜெர்மனி தன் காலனியாகவே ஆக்கிக்கொண்டது. எண்ணெய் வந்தது, குழம்பு மட்டும் கப்பல் ஏறவில்லை. அது வர ஆன்ட்டி போன்றவர்கள் வர வேண்டியிருந்தது.

இப்போது நான் செய்யும் அளவைச் சொல்லிவிடுகிறேன், ஆறு பேருக்கு. ஷ்டெக்ரூபெ 400 கிராம், உருளை அரைக் கிலோ, இரண்டு கேரட், செலரிக் கிழங்கு 150 கிராம், ஒரு லீக். காய்கறி வேகவைத்த சாறு ஒன்றேகால் லிட்டர். கடலை விழுது 200 கிராம், தக்காளி விழுது இரண்டு மேசைக்கரண்டி, வெங்காயம் இரண்டு, விரல் நீள இஞ்சி, பூண்டு மூன்று பல். ஸவர்க்ரவுட் 250 கிராம், புகை டோஃபு 200 கிராம்.

பெரிய பானையில் சாறு கொதித்ததும் ஷ்டெக்ரூபெயும் செலரிக் கிழங்கும் முதலில். இரண்டும் பிடிவாதக்காரர்கள், பத்து நிமிடம் முன்னால் போக வேண்டும். அப்புறம் உருளை, கேரட், லீக். இது வேகும்போதே பக்கத்து அடுப்பில் ஆன்ட்டி முறைப்படி கடலை விழுது, தாவாதாவாவை வெங்காயத்தோடு வதக்கிவிட வேண்டும். விழுதை இளக்க வெறும் வெந்நீர் வேண்டாம், பெரிய பானையிலிருந்தே சாறு எடுத்து ஊற்றுங்கள். மூன்றாவதாக ஒரு சின்னச் சட்டியில் ஸவர்க்ரவுட்டை லேசாகப் பிழிந்து, சீமைச் சீரகம், ஒரு பிரிஞ்சி இலை, நசுக்கிய ஜூனிப்பர் காய் நான்கு போட்டு, கொஞ்சம் தண்ணீரில் மூடி வைத்து இருபது நிமிடம். பிழிந்த நீரைக் கொட்ட வேண்டாம், கடைசியில் புளிப்பு போதாவிட்டால் அதுதான் கைகொடுக்கும். உருளை வெந்ததைக் குத்திப் பார்த்துவிட்டுக் கடலை விழுதைப் பெரிய பானையில் சேர்த்து மிளகாயை மிதக்கவிட்டுப் பதினைந்து நிமிடம், மிகச் சின்னத் தீயில். கடைசி ஐந்து நிமிடம் கோஸ். உப்பு அதற்கும் பிறகு. சாறு, கோஸ், தாவாதாவா மூன்றிலும் உப்பு இருக்கும், முன்கூட்டிப் போட்டவர்கள் வருத்தப்பட்டிருக்கிறார்கள்.

கோஸ் போடுவதற்கு முன்னால் ஒரு கரண்டி, போட்ட பிறகு ஒரு கரண்டி சாப்பிட்டுப் பாருங்கள். முன்னால் சாப்பிட்டால் கடலை நாக்கின் மேல் கம்பளி மாதிரி ஒட்டிக்கொள்ளும். இரண்டாவது கரண்டியில் அந்தக் கம்பளியை யாரோ உருவிவிடுவார்கள். வினிகர் ஊற்றியும் பார்த்தேன், அது மூக்கில் ஏறுகிறதே தவிர இந்த வேலையைச் செய்யவில்லை.

அடிப்பிடித்தலுக்கு நான் இரண்டு பானை பலி கொடுத்திருக்கிறேன். எரிவாயு அடுப்பில் பழகிய கைக்கு இங்குள்ள கண்ணாடி மின்னடுப்பு ஒரு துரோகி. அணைத்த பிறகும் பத்து நிமிடம் சூடாகவே இருக்கும். கடலை விழுது சேர்ந்த எதையும் அணைத்ததும் அடுப்பிலிருந்து இறக்கிவிட வேண்டும். பிடித்துவிட்டால் சுரண்டாதீர்கள், மேலாக வேறு பாத்திரத்துக்கு மாற்றுங்கள். கருகலைக் கிளறினால் முழுப் பானையும் போச்சு.

தொட்டுக்கொள்ள, இல்லை, அதில் முக்கிச் சாப்பிட என்ன என்பதில் ஆன்ட்டிக்குச் சந்தேகமே இல்லை: ஃபூஃபூ. கானாவில் மரவள்ளியையும் வாழைக்காயையும் வேகவைத்து உரலில் இடிப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை ஓய்வு நேரம் என்று ஆணி அடிக்கவே விடாத நாட்டில், இரண்டாம் மாடியில் உலக்கை போட முடியுமா? அதனால் இங்குள்ள கானாக்காரர்கள் உடனடி உருளை மசியல் பொடியும் உருளை மாச்சத்தும் கலந்து வெந்நீரில் கிண்டிவிடுகிறார்கள். ஜெர்மன் கடைச் சரக்கில் ஆப்பிரிக்க ஃபூஃபூ. நான் கலக்க நினைத்ததை அவர்கள் என்றைக்கோ சத்தமில்லாமல் செய்துவிட்டார்கள். "மெல்லாதே, கிள்ளி, குழம்பில் தோய்த்து, விழுங்கு" என்று எனக்குச் சொல்லித்தர ஆரம்பித்தார். ராகிக் களி தின்று வளர்ந்தவளிடமா! நான் விழுங்கிய வேகத்தைப் பார்த்துவிட்டு அதற்குப் பிறகு அவர் எதுவும் சொல்லித்தரவில்லை.

ஊரில் செய்து பார்க்க விரும்புகிறவர்கள் ஷ்டெக்ரூபெக்குப் பதில் நூல்கோலோ டர்னிப்போ போடலாம், லீக்குக்கு வெங்காயத்தாள். கோஸைப் புளிக்க வைக்கச் சென்னை வெயிலில் ஐந்தாறு நாளே போதும், தினமும் ருசி பார்த்து, பிடித்த புளிப்பு வந்ததும் ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். ஜூனிப்பர் காய் இல்லாவிட்டால் விட்டுவிடுங்கள், ஒன்றும் குடிமுழுகாது.

முற்றத்து விருந்துக்குப் போகும் முன் இன்னொரு வேலை இருந்தது. பொது இடத்தில் வைக்கும் உணவில் ஒவ்வாமைப் பொருள்களை எழுதி வைப்பது இங்கே வழக்கம். ஐரோப்பிய ஒன்றியம் வரிசைப்படுத்திய 14 பொருள்களில் வேர்க்கடலை உண்டு, செலரி உண்டு, சோயாவும் உண்டு. என் பானையில் மூன்றும். பெரிய எழுத்தில் ஒரு சீட்டு எழுதி மூடியில் ஒட்டினேன். கடலை ஆளைக் கொல்லக்கூடிய ஒவ்வாமை, இதில் கூச்சப்பட ஒன்றுமில்லை. முதல் மாடியில் இருந்த ஒரு பையன் சீட்டைப் படித்துவிட்டு இரண்டடி பின்னால் நகர்ந்ததை நானே பார்த்தேன்.

பாட்டி காலையிலேயே மேலே வந்து எட்டிப் பார்த்தார். அடுப்பில் மூன்று சட்டிகள். "இதற்குப் பெயரே ஒரே பானை. நீங்கள் மூன்று வைத்திருக்கிறீர்களே?" என்றார். கடைசியில் ஒன்றாகிவிடும் என்றேன். பானையின் காதில் துணி சுற்றி மூன்று மாடி இறக்கிக் கொண்டுபோனேன். வழியில் ஒவ்வொரு மாடியிலும் கீழே வைத்து மூச்சு வாங்கினேன்.

பாட்டி ஒரு கிண்ணம் சாப்பிட்டார். கொஞ்ச நேரம் யோசித்தார். "குறை சொல்ல முடியாது" என்றார். வடக்கு ஜெர்மனிக்காரர் வாயிலிருந்து இதற்கு மேல் வராது என்று பக்கத்தில் இருந்தவர் என் காதில் சொன்னார். ஆன்ட்டி ஃபூஃபூவோடு உட்கார்ந்தார். இரண்டு வாய் விழுங்கினார். "இனிக்கிறது" என்றார்.

எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது. ஆப்பிரிக்கக் கடைக்கே போய், எண்ணெய் மிதக்கும் விழுதாகப் பார்த்து வாங்கி, அட்டையை இரண்டு முறை படித்து, மறுபடியும் சர்க்கரையா? "ஆன்ட்டி, சர்க்கரை இல்லாத விழுதுதான், சத்தியமாக" என்று ஆரம்பித்தேன். அவர் கையை உயர்த்தி நிறுத்தினார். ட்வியில் ருசியாக இருக்கிறது என்பதற்கும் இனிக்கிறது என்பதற்கும் ஒரே சொல்தானாம். கிண்ணத்தை என் பக்கம் நீட்டினார், இன்னும் ஊற்றச் சொல்லி.